மட்டக்களப்பு வாவி: ஒரு நகரத்தின் நீர்ப்பூங்கா

நகரங்கள் தோன்றிய காலந்தொட்டே நகரமாந்தர் உலாவியிருக்கவும் உளங்களிக்கவும் ஒரு திறந்த வெளி இன்றியமையாததாய் இருந்து வந்துள்ளது. பழந்தமிழ் நூல்கள் அதனைக் கா எனவும் பொழில் எனவும் தண்டலை எனவும் வழங்கும். புகார் நகரத்து உவவனத்தை மணிமேகலைக் காப்பியம் கூறுகின்றது. மேனாடுகளில் இன்று புகழ்பெற்று விளங்கும் பூங்காக்கள் பலவும் முதற்கண் பொதுமக்களுக்கென எழுந்தவையல்ல. இலண்டன் மாநகரின் ஹைட் பூங்கா, எட்டாம் ஹென்றி மன்னன் 1536ஆம் ஆண்டில் தன் வேட்டைக்கெனத் துறவியர் மடத்திடமிருந்து பெற்ற நிலம். ஒரு நூற்றாண்டு கழிந்த பின், 1637இல், முதலாம் சார்ள்ஸ் மன்னன் காலத்திலேயே அதன் வாயில் மக்களுக்குத் திறந்தது. நியூயோர்க்கு நகரின் மத்திய பூங்கா 843 ஏக்கர் பரப்புடையது. சதுப்பும் பாறையுமாய்க் கிடந்த அந்நிலத்தை 1858ஆம் ஆண்டு முதலாகத் திருத்தியமைத்தனர். அதற்கு முன்னர் அங்கே குடியிருந்த எளிய மக்கள் அகற்றப்பட்டனர். கொழும்பு மாநகரில் விக்டோரியா மகாராணியின் பெயரால் வழங்கிய பூங்கா 1958இல் விகாரமகாதேவி பூங்கா எனப் பெயர் மாறிற்று. ஒரு நகரத்தின் பூங்காவை ஆராய்வோர், மரஞ்செடிகளின் வரலாற்றோடு ஆட்சியின் வரலாற்றையும் மக்களின் வரலாற்றையும் ஒருங்கே காண்பர் என்பதற்கு இவை சான்றாகும்.

மட்டக்களப்பு நகரில் இவற்றை ஒத்த பெருஞ்சோலை ஒன்றும் இல்லை. புளியந்தீவின் கரையிலே அமைந்த காந்திப் பூங்கா அளவிற் சிறியது. ஆயினும் மாலைப் பொழுதில் அங்கே வந்தமர்வோர் பார்ப்பது அப்பூங்காவின் மலர்ப்பாத்திகளை மாத்திரமன்று. அவர்தம் கண்முன் விரிந்து கிடப்பது வாவி. காற்றும் நிழலும் பறவையும் மீனும் நிலவும் அவர்க்கு அளிப்பது அந்நீர்ப்பரப்பே. சுவரும் வாயிலும் இன்றி, எவரும் கட்டணம் கொடாது நுகரத்தக்கதாய், நகரின் நடுவே கிடக்கும் அவ்வாவியே மட்டக்களப்பின் பெரும் பூங்கா எனல் பொருந்தும். அஃது எவ்வாறு தோன்றிற்று, யார் யார்க்கு எவ்வெவ் வகையிற் பயன்பட்டது, இன்று எந்நிலையில் உள்ளது என்பனவற்றை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இயற்கை வகுத்த அமைப்பு

இலங்கையின் கீழ்க்கரையிலே, வடக்கே ஏறாவூர்ப் பக்கத்திலிருந்து தெற்கே கல்முனைப் பக்கம் வரையும், ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளத்துக்கு இவ்வாவி கடலை ஒட்டிக் கிடக்கின்றது. நீளம் மிகுதியாயினும் அகலம் குறைவு, ஆழமும் பெரிதன்று. பல இடங்களில் மனிதன் நீரில் நின்றவாறே வலைவீசக் கூடும். வாவிக்கும் கடலுக்கும் இடையே நீண்டு கிடப்பது ஒரு மணல்மேடு. அம்மணல்மேட்டின் மீதே கல்லடி, காத்தான்குடி, ஆரையம்பதி, களுவாஞ்சிகுடி முதலாய ஊர்கள் நெருங்கி அமைந்துள்ளன.

இத்தகைய நீர்நிலைகள் தோன்றும் முறையை நிலவியலார் விளக்குவர். பனியூழியின் இறுதியில் உலகெங்கும் உறைபனி உருகக் கடல்மட்டம் உயர்ந்தது. தாழ்ந்த கரையோரப் பள்ளங்களுள் கடல்நீர் புகுந்தது. பின்னர்க் கரையை ஒட்டிச் செல்லும் நீரோட்டம் கொணர்ந்த மணல், பள்ளத்துக்கும் கடலுக்கும் இடையே அணைபோல் திரண்டது. உள்ளே அகப்பட்ட நீர்ப்பரப்பு வாவியாயிற்று. இத்தகைய நீர்நிலையைக் களப்பு என்பது ஈழத்துத் தமிழ் வழக்கு. இவ்வூரின் பெயரிலும் அச்சொல் நிலைத்துள்ளது. மட்டமான களப்பு என்றும், சேற்றுக் களப்பு எனப் பொருள்தரும் சிங்களச் சொல்லின் திரிபு என்றும் அப்பெயருக்கு விளக்கங் கூறுவர். இரண்டினுள் எது சரியாயினும், நீர்நிலையின் பெயரே ஊரின் பெயராகவும் பின்பு நாட்டின் பெயராகவும் விரிந்தது என்பது தெளிவு.

மேற்கிலிருந்து முந்தனையாறு முதலாய ஆறுகள் இவ்வாவிக்கு நன்னீர் கொணர்கின்றன. ஆண்டு மழையின் பெரும்பகுதி ஒக்டோபர் முதல் ஜனவரி வரையுள்ள மாரிகாலத்திலேயே பொழிகின்றது. அப்போது வாவி பெருகி, நன்னீர் மிகுந்து, மணல்மேட்டை உடைத்துக் கடலொடு கலக்கும். அவ்வாறு கலக்கும் வாயில்கள் இரண்டு. ஒன்று நகரின் வடகிழக்கே பாலமீன்மடு முகத்துவாரம்; மற்றையது தெற்கே பெரியகல்லாற்றை அடுத்துள்ளது. மாரி கழிந்து கோடை வந்ததும் ஆற்றுப்பெருக்குக் குன்றும். அலைகள் கொணரும் மணலைத் தள்ளிவிட வலியின்றி வாய் தூர்ந்துபோம். பின்னர் அடுத்த மாரி வரையும் அதே நிலை. ஆண்டுதோறும் திறந்தும் மூடியும் வரும் இவ்வாயில்களாலேயே வாவிநீர் ஒருகால் நன்னீராகவும் ஒருகால் உவர்நீராகவும் மாறுகின்றது.

அம்மாற்றத்தைத் தாங்கவல்ல உயிர்களே இங்குச் செழிக்கும். சேற்றிலிருந்து மூச்சுவேர்களை மேலே நீட்டி நிற்கும் கண்ணா, பால் கண்ணிற் பட்டால் ஊறுசெய்யும் தில்லை, ஊன்றுகோல் போன்ற வேர்களையுடைய கண்டல் ஆகியன கரையோரக் காடுகளில் வளர்கின்றன. அவற்றின் வேர்களினிடையே மீன்குஞ்சும் இறாற்குஞ்சும் ஒதுங்கி வளரும். கொடுவாய், மணலை, திரளி, கெளிறு, நண்டு, இறால் என்பன வாவியின் செல்வங்கள். முதலைகளும் உள. கொக்கும் நாரையும் நீர்க்காகமும் கூழைக்கடாவும் மேலே வட்டமிடும். தொலைநாட்டுப் பறவைகளும் பருவந்தோறும் வந்து தங்கிச் செல்லும். இவையனைத்தும் ஒரு நகரத்தின் வீதிகளிலிருந்து நடந்தே காணத்தக்க தொலைவில் உள்ளமை பிற பூங்காக்களுக்கு எளிதிற் கிட்டாத பேறாகும்.

பெயர்கள் கூறும் வரலாறு

ஒரு நாட்டின் பழைய வரலாற்றை அறிய ஊர்ப்பெயர்கள் உற்ற துணையாகும். வாவியின் இருமருங்கும் உள்ள பெயர்களை நோக்குக. புளியந்தீவு, திமிலைதீவு என்பன தீவுகள். கோட்டைமுனை, மண்முனை, கல்முனை, வீச்சுக்கல்முனை என்பன நீருள் நீண்ட முனைகள். நாவற்குடாவும் சேற்றுக்குடாவும் நீர் உள்வளைந்த இடங்கள். அம்பிளாந்துறையும் சம்மாந்துறையும் தோணி சேரும் துறைகள். உப்போடை என்னும் பெயர் உவர்நீர் புகுந்த ஓடையைச் சுட்டும். திமிலைதீவு என்பது மீன்பிடித் தொழிலாளராகிய திமிலரை நினைவூட்டும். நிலத்தில் நின்று வைத்த பெயர்கள் இவையல்ல. தோணியில் வந்தோர் கரையை நோக்கி வைத்த பெயர்கள் என்றே கொள்ளத்தகும். இந்நாட்டு மக்கள் தம் ஊர்களை நீரின் பக்கத்திலிருந்தே முதலிற் கண்டனர் போலும்.

திசைப்பெயர்களும் அவ்வாறே வாவியை நடுவாகக் கொண்டன. ஞாயிறு எழும் பக்கம், கடலை அடுத்த மணல்மேடு, எழுவான்கரை எனப்படும். ஞாயிறு படும் பக்கம், வயலும் காடும் நிறைந்த உள்நாடு, படுவான்கரை எனப்படும். படுவான்கரை நெல்லும் பாலும் தேனும் தரும். எழுவான்கரை மீனும் தேங்காயும் நெசவும் தரும். இரண்டையும் இணைத்த பெருவழி வாவியே. கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீசுவரர் ஆலயமும் மண்டூர் முருகன் ஆலயமும் படுவான்கரையில் உள்ளன. திருவிழாக் காலங்களில் எழுவான்கரை அடியார்கள் தோணியேறி அங்குச் சென்றனர். ஆடி அமாவாசையன்று அமிர்தகழி மாமாங்கேசுவரர் தீர்த்தத்தில் நீராடப் படுவான்கரை மக்கள் கிழக்கு நோக்கி வந்தனர். சமயவாழ்வும் வாணிகமும் உறவுமுறையும் ஒருங்கே இந்நீரைக் கடந்து சென்றன.

இக்கரைகளில் வாழ்ந்தோர் ஒரே இனத்தவரல்லர். வேடரும் முக்குவரும் வேளாளரும் திமிலரும் கரையாரும் எனப் பல குடிகள் இருந்தன. தாய்வழியாகச் சொத்துரிமை செல்லும் முக்குவர் வழமையைத் தொகுத்துக் கிறித்தோபர் பிரிட்டோ 1876இல் நூலாக வெளியிட்டார். காத்தான்குடி, ஏறாவூர் முதலிய ஊர்களில் முஸ்லிம் மக்கள் பெருந்தொகையினராய் வாழ்ந்து, நெசவிலும் வாணிகத்திலும் உழவிலும் சிறந்தனர். புளியந்தீவுப் பகுதியில் வாழ்ந்த பறங்கியர், போத்துக்கேய மொழியின் திரிபு ஒன்றை அண்மைக்காலம் வரையும் தம் இல்லங்களிற் பேசிவந்தனர். 1962இல் எவ். எக்ஸ். சி. நடராசா பதிப்பித்த மட்டக்களப்பு மான்மியமும், 1964இல் வெளிவந்த பண்டிதர் வி. சீ. கந்தையாவின் மட்டக்களப்புத் தமிழகமும் இக்குடிகளின் வரலாற்றையும் வழக்கங்களையும் அறிய விரும்புவோர்க்குப் பெருந்துணையாவன.

கோட்டையும் கரையும்

ஐரோப்பியர் வருகையோடு வாவிக்கு வேறொரு பயன் ஏற்பட்டது. 1602ஆம் ஆண்டு மே மாதத்தில் ஒல்லாந்தக் கப்பற்றலைவன் யோரிஸ் வான் ஸ்பில்பேர்கன் மட்டக்களப்புக் கரையை அடைந்து, இங்கிருந்தே கண்டிக்குச் சென்று விமலதருமசூரிய மன்னனைக் கண்டான். போத்துக்கேயர் இதனால் எச்சரிக்கையுற்றனர். கண்டியரசனுக்கும் அயல்நாட்டாருக்கும் இடையே இக்கரை வாயிலாகும் என்பதை உணர்ந்து, 1628இல் புளியந்தீவின் முனையிலே கோட்டை ஒன்றை எழுப்பினர். பத்தாண்டுகளே அது அவர்கையில் இருந்தது. 1638 மே 18ஆம் நாள், வெஸ்டர்வோல்ட் என்னும் ஒல்லாந்தத் தளபதி, இரண்டாம் இராசசிங்க மன்னனின் படைத்துணையோடு கோட்டையைக் கைப்பற்றினான். அடுத்த சில நாட்களில், மே 23ஆம் நாள், மன்னனுக்கும் ஒல்லாந்தருக்கும் இடையே உடன்படிக்கை ஒன்று எழுதப்பட்டது. இலங்கை முழுவதிலும் போத்துக்கேயர் ஆட்சி ஒழிவதற்கு அடிகோலிய அவ்வுடன்படிக்கை, இவ்வாவிக் கரையிலே பிறந்தது என்பது நினைவிற்கொள்ளத்தக்கது. பின்னர் 1795இல் கோட்டை ஆங்கிலேயர் வசமாயிற்று.

கோட்டையின் இருபுறம் வாவிநீர். எஞ்சிய புறங்களில் அகழி. படைவீரர்க்கு வாவி இயற்கையே அமைத்த அகழியாயிற்று. அதுவரையும் கரைகளை இணைத்த நீர், இப்போது பகைவரைத் தடுக்கும் நீராகவும் ஆயிற்று. எனினும் ஆங்கிலேயர் காலத்தில் போர் ஓய்ந்ததும் கோட்டையின் தன்மை மாறிற்று. பீரங்கிகள் அணிகலன் போலாயின. கோட்டையினுள்ளே நெடுங்காலம் கச்சேரி நடைபெற்றது. வரிகட்டவும் வழக்குரைக்கவும் காணிப்பத்திரம் பெறவும் வந்த மக்களுக்கு அக்கரை பழக்கமாயிற்று.

வாவியின் வழியே வந்தது கல்வியும். 1814ஆம் ஆண்டு வெஸ்லியன் சபையைச் சேர்ந்த வில்லியம் ஓல்ட் என்னும் இளம் போதகர் புளியந்தீவிற்கு வந்து பள்ளி தொடங்கினார். அடுத்த ஆண்டே நோயுற்று இறந்தார். அவர் தொடங்கிய பணி இன்றைய மெதடிஸ்த மத்திய கல்லூரியாக வளர்ந்தது. காந்திப் பூங்காவை அடுத்து அவர் சிலையும் நிற்கின்றது. தேசபிதாவின் பெயர் தாங்கிய பூங்காவும், மதபோதகர் ஒருவரின் சிலையும், ஒல்லாந்தர் கோட்டையும் சிறிது தூரத்துள் ஒரே நீரை நோக்கி நிற்பது இவ்வூர் வரலாற்றின் சுருக்கம் எனலாம்.

துறையும் பாலமும்

புளியந்தீவிலிருந்து கிழக்கே கல்லடிக்குச் செல்ல முற்காலத்தில் ஓடமே துணை. 1924ஆம் ஆண்டு, தேசாதிபதி சேர் வில்லியம் மனிங்கின் மனைவியார் பெயரால் கல்லடியில் இரும்புப் பாலம் திறக்கப்பட்டது. மழையிலும் காற்றிலும் நோயாளியையும் பிணத்தையும் ஓடத்தில் ஏற்றிச் சென்ற மக்களுக்கு அது பேருதவியாயிற்று. 1929இல் சுவாமி விபுலாநந்தர் கல்லடி உப்போடையில் சிவானந்த வித்தியாலயத்தை நிறுவினார். நகரிலிருந்து மாணவர் வந்து பயில்வதற்குப் பாலம் வாய்ப்பளித்தது. ஏறத்தாழ 90 ஆண்டுகள் தனித்துப் பணிசெய்த அப்பாலத்தின் அருகே, சப்பானிய நாட்டின் உதவியோடு கட்டப்பட்ட புதிய பாலம் 2013இல் திறக்கப்பட்டது. 2014இல் மண்முனைத் துறையிலும் பாலம் அமைந்தது. அதுகாறும் வாகனங்களையும் மக்களையும் ஏற்றிச்சென்ற பாதை எனப்படும் மிதவை அங்கே ஓய்வுபெற்றது.

இம்மாற்றங்களால் விளைந்த நன்மையை எவரும் மறுக்கார். ஆயினும் வரலாறு கற்போர் மற்றொன்றையும் கருதுதல் வேண்டும். தோணி வழியாய் இருந்த காலத்தில் வாவியின் ஆழம், நீரோட்டம், சேறு, கண்ணாப் பற்றை ஆகியன பற்றி ஒவ்வோர் ஊராரும் அறிந்திருந்தனர், அறியாதவன் கரைசேரான். துறை தூர்ந்தால் ஊர் துன்புறும். ஆதலின் துறையைப் பேணினர். பாலம் வந்தபின் அவ்வறிவு மீனவரோடு சுருங்கிற்று. ஏனையோர்க்கு வாவி கடந்துசெல்லும் வழியிற் காணும் காட்சியாயிற்று. பயன்பாட்டினாலே தானாக அமைந்த காவல், பயன்பாடு குன்றியதும் தளரும். வாவியின் அண்மைக்கால நிலையை விளங்கிக்கொள்ள இவ்வுண்மை திறவுகோலாகும்.

நீரின் இன்னிசை

காட்சிப்பொருளான வாவி கேள்விப்பொருளாகவும் புகழ்பெற்றது. 1845 முதல் 1850 வரை இலங்கையிற் குடியேற்றநாட்டுச் செயலாளராய் இருந்த சேர் எமர்சன் தெனன்ற், 1859இல் வெளியிட்ட தம் நூலில் மட்டக்களப்பு வாவியின் ஒலியைப் பற்றி விரித்தெழுதினார். நிலவொளியில் தோணியிற் சென்று கேட்டபோது, ஈரவிரலாற் கண்ணாடிக் கிண்ணத்தின் விளிம்பைத் தேய்த்தால் எழும் ஒலிபோன்று பல நுண்ணொலிகள் நீரடியிலிருந்து எழுந்தன என்றும், தோணியின் பலகையிற் காதுவைத்தால் அவை மிகுந்து கேட்டன என்றும் அவர் குறித்துள்ளார். இவ்வூர் மீனவர் அவ்வொலியை ஊரிகளின் ஒலி எனக் கூறியதையும் அவர் பதிவுசெய்தார். பிற்காலத்தார் பாடும் மீன் என்றனர். 1950களில் புனித மிக்கேல் கல்லூரியைச் சேர்ந்த லாங் அடிகளார் நீரடி ஒலிவாங்கியைக் கொண்டு அவ்வொலியைப் பதிவுசெய்தார். இலங்கை வானொலி அதனை ஒலிபரப்பிற்று. ஒலியெழுப்புவது மீனா, ஊரியா என்பதில் ஆய்வாளர் கருத்து ஒன்றுபடவில்லை.

தமிழிலக்கியத்தில் அவ்வொலிக்கு நிலைபேறு அளித்தவர் சுவாமி விபுலாநந்தர். நீரரமகளிர் என அவ்வொலியை உருவகித்து அவர் பாடியமை, 1947இல் வெளிவந்த யாழ் நூலோடு தொடர்புடையது. பழந்தமிழ் யாழ்களின் இசைக்கணக்கை ஆராய்ந்த பேரறிஞர்க்குத் தம் ஊர்வாவியின் ஓசை தூண்டுகோலாயிற்று. அந்நூல் அரங்கேறிய சில வாரங்களுள், அவ்வாண்டு யூலை 19ஆம் நாள், அவர் மறைந்தார். பூங்கா ஒன்று ஒரு சமூகத்திற்கு அளிக்கும் பயன் இத்துணைத்து என அளவிடல் இயலாது என்பதற்கு இது தக்க சான்று.

புயலும் போரும் கடலும்

1978 நவம்பர் 23ஆம் நாள் வீசிய சூறாவளி மட்டக்களப்பை நிலைகுலைத்தது. நூற்றுக்கணக்கானோர் உயிரிழந்தனர். தென்னந்தோப்புகள் வேரோடு சாய்ந்தன. கரையோரத்து நிழல்மரங்களிற் பல ஒரே இரவில் அழிந்தன. அதன்பின் வந்த போர்க்காலத்தில் வாவி மீண்டும் கோட்டைக்காலத்து அகழியின் இயல்பை எய்திற்று. எழுவான்கரை ஒருவர் கட்டுப்பாட்டிலும் படுவான்கரை மற்றொருவர் கட்டுப்பாட்டிலும் நெடுநாள் இருந்தன. 2007இலேயே அந்நிலை மாறிற்று. இரவில் மீன்பிடிக்கச் செல்லுதற்குத் தடைகள் இருந்தன. பாதுகாப்பின் பொருட்டுக் கரையோரப் பற்றைகள் வெட்டப்பட்டன. இரு கரைக்கும் உறவினரைக் கொண்டிருந்த குடும்பங்கள் பட்ட துன்பம் சொல்லுந்தரமன்று.

2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை எழுந்தபோது, வாவிக்கும் கடலுக்கும் இடைப்பட்ட ஒடுங்கிய மணல்மேட்டில் இருந்த நாவலடி, திருச்செந்தூர் முதலிய இடங்கள் பேரழிவுற்றன. முன்னும் நீர், பின்னும் நீர், ஓடுவதற்கு இடமில்லை. உயிர் தப்பிய குடும்பங்கள் பல திராய்மடு முதலான உள்ளிடங்களிற் குடியேற்றப்பட்டன. இயற்கை அமைத்த மணல்மேடும் கண்டற்காடும் வெறும் அழகுக்காக உள்ளனவல்ல என்பதை அந்நாள் உணர்த்திற்று. 2015இல் இலங்கை அரசு நாட்டிலுள்ள கண்டற்காடுகள் யாவற்றையும் காக்கும் திட்டத்தை அறிவித்தமை அவ்வுணர்வின் விளைவுகளுள் ஒன்றாகும்.

சிறிது சிறிதாய்த் தேய்தல்

புயலையும் பேரலையையும் வாவி தாங்கிற்று. அவை வந்துபோயின, நீரும் மீண்டும் தெளிந்தது, கண்ணாவும் மீண்டும் தளிர்த்தது. தாங்க அரியது மற்றொரு வகை இழப்பு. ஒருவர் தம் வேலியை நான்கு முழம் நீர்ப்பக்கம் நகர்த்துவார். மற்றொருவர் கட்டட இடிபாடுகளைக் கரையிற் கொட்டுவார். வேறொருவர் கழிவுநீர்க் குழாயை வாவிக்குத் திருப்புவார். இறால் வளர்ப்புக்கெனக் கரையோரம் வெட்டப்பட்ட குளங்கள் சில போர்ச்சூழலிற் கைவிடப்பட்டுக் கிடந்தன. இவற்றுள் எதுவும் தனியே நோக்கிற் பெரும் குற்றமாகத் தோன்றாது. ஒருங்கே நோக்கின் அவை ஒரு வாவியையே குறைக்கும்.

இது மட்டக்களப்பிற்கு மாத்திரம் உரிய இடரன்று. கொழும்பின் பெய்ரா வாவி முன்னாளில் இன்றினும் பன்மடங்கு விரிந்து கிடந்தது. பண்டகசாலைக்கும் வீதிக்கும் எனப் பகுதி பகுதியாக நிரப்பப்பட்டு, எஞ்சியதும் கழிவுநீரால் மாசுற்றது. சென்னை நகரின் கிண்டிக் காடு 1910இல் ஏறத்தாழ 505 ஹெக்டேயர் பரப்புடைய ஒதுக்குக் காடாயிருந்தது. கல்விநிலையங்களுக்கும் நினைவாலயங்களுக்கும் எனப் பகுதிகள் பிரித்தளிக்கப்பட்டன. 1978இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டபோது எஞ்சியது ஏறத்தாழ 270 ஹெக்டேயரே. அங்கே நிலம் பெற்ற நோக்கங்கள் யாவும் நல்லனவே. நல்ல நோக்கங்களாலும் பொதுவெளி குறையும் என்பதே கிண்டி தரும் பாடம்.

மீட்சிக்கும் எடுத்துக்காட்டு உண்டு. ஒரிசாவின் சிலிக்கா வாவி மட்டக்களப்பு வாவியைப் போன்றே கடலையடுத்த களப்பு, அளவில் மிகப்பெரிது. அதன் கடல்வாய் தூர்ந்து, உவர்ப்புக் குன்றி, நீர்க்களைகள் மண்டி, மீன்வளம் வீழ்ந்தது. 2000ஆம் ஆண்டு செப்தெம்பர் மாதத்தில் புதிய வாய் ஒன்று வெட்டப்பட்டது. உவர்ப்பும் மீனும் மீண்டன. வாவி ஒன்றின் உயிர்நிலை அதன் வாயிலில் உள்ளது என்பதை அந்நிகழ்ச்சி மெய்ப்பித்தது.

ஆற்றுவாய் வெட்டும் வழமை

சிலிக்காவில் அறிஞர் ஆராய்ந்து கண்ட அவ்வுண்மையை இந்நாட்டு மக்கள் தம் பட்டறிவால் நெடுங்காலமாகவே அறிவர். மாரி மழை பொழிந்து வாவி நிரம்பி, மணல்மேடு தானாக உடையாதபோது, அதனை வெட்டி நீரைக் கடலுக்கு விடுவர். இதனை ஆற்றுவாய் வெட்டுதல் என்பர். எப்போது வெட்டுவது என்பதே வினா. காலந்தாழ்த்தினால் படுவான்கரைத் தாழ்நில வயல்கள் நீரில் மூழ்கும், விதைத்தவன் வாடுவான். முந்திவிட்டால் நீர் விரைந்து வற்றும், கடலின் உவர்நீர் உட்புகும், மீனினமும் நிலைகுலையும், வலைஞன் வாடுவான். ஒருவர்க்கு ஆக்கமான நாள் மற்றவர்க்குக் கேடாகும். ஆதலின் உழவரும் மீனவரும் பிணங்கியதும் உண்டு. கூடியிருந்து நாள் குறித்ததும் உண்டு. இக்காலத்தில் அரசாங்க அதிபர் முன்னிலையில் உழவர் அமைப்பினரும் மீனவர் சங்கத்தினரும் துறைசார் அலுவலரும் கலந்துபேசித் துணிகின்றனர்.

நகரப் பூங்காவின் வரலாற்றில் இவ்வழமைக்குச் சிறந்த இடமுண்டு. மன்னன் திறந்துவிட்ட ஹைட் பூங்காவிற்கு மன்னன் ஆணை காவலாயிற்று. நகரசபை அமைத்த மத்திய பூங்காவிற்குச் சட்டமும் சம்பளக் காவலரும் காவலாயினர். மட்டக்களப்பு வாவியை எவரும் அமைக்கவில்லை, எவரும் திறந்துவிடவுமில்லை. அதனைக் காத்தது, மாறுபட்ட தேவையுடையோர் ஒரே கரையிற் கூடி, ஒருவர் இழப்பை மற்றவர் கேட்டு, நாள் குறித்த அவ்வழமையே. 1981ஆம் ஆண்டின் கரையோரம் பேணற் சட்டம் முதலாய சட்டங்கள் இன்று உள்ளன. சட்டம் தடுக்கும்; ஆனால் சட்டம் ஒருவனுக்கு நீரின் ஆழத்தைக் கற்பிக்காது.

இவ்விடத்திற் கல்விநிலையங்களுக்கு ஒரு கடமை உண்டு. தோணித்துறை கற்பித்த அறிவைப் பள்ளிக்கூடம் கற்பித்தல் இயலும். மாணவர் மாரியிலும் கோடையிலும் வாவிநீரின் உவர்ப்பை அளந்து ஏட்டிற் குறிக்கலாம். தம் ஊர்க்கரையிலுள்ள கண்ணாவையும் தில்லையையும் கணக்கெடுக்கலாம். துறைகளின் பழம்பெயர்களையும் ஆற்றுவாய் வெட்டிய ஆண்டுகளையும் முதியோரிடங் கேட்டு எழுதிவைக்கலாம். ஓராண்டுக் குறிப்புப் பயன் தராது. இருபது ஆண்டுக் குறிப்பு எவராலும் மறுக்கவொண்ணாத சான்றாகும். வேலி நகர்ந்தபோது முன்பு கரை எங்கிருந்தது என்பதை அவ்வேடு சொல்லும்.

2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டில் மட்டக்களப்பு மாவட்டத்து மக்கள்தொகை ஐந்து இலட்சத்தைக் கடந்திருந்தது. மக்கள் பெருகப் பெருகத் திறந்த வெளியின் தேவையும் பெருகும். வேறு நகரங்கள் பொருள் செலவிட்டு நிலம் வாங்கிப் பூங்கா அமைக்க முயல்கின்றன. மட்டக்களப்பிற்கு அச்செலவு இல்லை. அலையும் மணலும் அமைத்த பூங்கா அதன் வாயிலிலேயே கிடக்கின்றது. புளியந்தீவுக் கரையில் மாலையில் வந்தமரும் தொழிலாளியும், கல்லடிப் பாலத்தில் நிலாக்காலத்தில் நின்று செவிசாய்க்கும் மாணவனும், விடியற்காலையில் வீச்சுவலையோடு இறங்கும் மீனவனும், படுவான்கரை வயலில் நீர்மட்டம் பார்த்து நிற்கும் உழவனும் அதற்குச் சம உரிமையுடையோர். அவர் நால்வரும் ஒருவரையொருவர் கலந்து பேசும்வரை வாவி வாவியாக இருக்கும்.